கத்தாத கோச்: டோனி டன்ஜி ஏன் தன் ஆட்டத்தை மாற்றவே இல்லை

1977 அக்டோபர் 9. அமெரிக்கன் ஃபுட்பால் லீகான என்எஃப்எல் ஆட்டம் ஒன்றில், ஹூஸ்டனின் ஆஸ்ட்ரோடோம் அரங்கில் பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் அணி தோற்றுக்கொண்டிருந்தது. பந்தெறிந்து தாக்குதலை நடத்தும் முதல் குவார்ட்டர்பேக் டெர்ரி பிராட்ஷா காயம்பட்டு வெளியேறினார். அவருக்குப் பதிலாக வந்த மைக் குருசெக்கும் அடிபட்டு உட்கார்ந்துவிட்டார். அன்றைக்குக் களமிறக்க மூன்றாவது குவார்ட்டர்பேக் கிடையாது. அப்போது தடுப்பாட்டத்தில் ஆடிக்கொண்டிருந்த ஒரு புதுப் பையனைத் தலைமைப் பயிற்சியாளர் சக் நோல் பந்தெறிய அனுப்பினார். அந்தப் பையனுக்கு 22 வயது முடிந்து மூன்று நாள்தான் ஆகியிருந்தது. பெயர் டோனி டன்ஜி. அன்றைய ஆட்டத்தில் அவர் எதிரணியின் பந்து ஒன்றைப் பறித்தார். அப்புறம் அவர் எறிந்த பந்தை எதிரணி பறித்தது. அமெரிக்கன் ஃபுட்பாலில் தாக்குதலுக்கு 11 பேர், தடுப்பாட்டத்துக்கு வேறு 11 பேர். ஒருவரே இரண்டு பக்கமும் ஆடி, ஒரே ஆட்டத்தில் இன்டர்செப்ஷன் எடுத்து, இன்டர்செப்ஷன் கொடுத்தும் இருக்கிறார் என்றால், லீகின் இறுதி ஆட்டமான சூப்பர் பவுல் தொடங்கிய காலத்திலிருந்து அதற்கு இன்னொரு உதாரணம் காட்டுவது கடினம். ஸ்டீலர்ஸ் 27-10 என்று தோற்றது.

டன்ஜியைப் பற்றி எழுதுகிறவர்கள் இதை ஒரு வேடிக்கைச் செய்தியாகச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவார்கள். ஆனால் அவருடைய வாழ்க்கை ஏன் அந்தத் திசையில் போனது என்பதற்கான விளக்கம் அதற்குள்ளேயே இருக்கிறது. பந்தெறியத் தெரிந்த ஒருவர் தடுப்பாட்டத்தில் என்ன செய்துகொண்டிருந்தார்?

மிச்சிகன் மாநிலத்தின் ஜாக்சன் நகரில் 1955 அக்டோபர் 6 அன்று பிறந்தவர் டன்ஜி. அப்பா வில்பர் கல்லூரியில் அறிவியல் கற்பித்தவர், அம்மா பள்ளியில் ஆங்கில ஆசிரியை. மினசோட்டா பல்கலைக்கழக அணிக்கு 1973 முதல் 1976 வரை குவார்ட்டர்பேக்காக ஆடினார். அங்கே பாஸிங்கில் பல சாதனைகளை வைத்துவிட்டுத்தான் வெளியே வந்தார். ஆனாலும் கல்லூரி வீரர்களை அணிகள் முறைவைத்துத் தேர்ந்தெடுக்கும் 1977 டிராஃப்டில் 12 சுற்று முடிந்தும் எந்த அணியும் அவரைத் தேர்ந்தெடுக்கவில்லை.

காரணம் அந்தக் காலத்தில் எல்லோருக்கும் தெரிந்ததுதான். கருப்பினத்தவரான குவார்ட்டர்பேக் என்ற எண்ணத்தையே பெரும்பாலான அணிகள் ஏற்கவில்லை. குவார்ட்டர்பேக் என்றால் களத்தில் யோசிக்கிறவர், கட்டளையிடுகிறவர். அந்த வேலைக்கு இவர்கள் லாயக்கில்லை என்று ஒரு முன்முடிவு ஊறிக்கிடந்தது. அடுத்த ஆண்டு வாரன் மூனுக்கும் இதே கதைதான். அவர் கனடாவுக்குப் போய் அங்கே கோப்பைகளாக வென்று, பிறகு அமெரிக்கா திரும்பி ஹால் ஆஃப் ஃபேம் என்ற புகழ்மன்றம் வரை போனார். கனடா வழி டன்ஜிக்கும் திறந்திருந்தது. அவர் அதில் போகவில்லை. மினசோட்டாவில் அவருக்குப் பயிற்சியளித்த டாம் மூர் அதே 1977இல்தான் ஸ்டீலர்ஸுக்கு வேலைக்குப் போயிருந்தார். டிராஃப்ட் ஆகாத வீரராக டன்ஜியும் அங்கே கையெழுத்திட்டார். ஸ்டீலர்ஸ் அவரை சேஃப்டியாக மாற்றியது. சேஃப்டி என்றால் தடுப்பாட்டத்தில் எல்லோருக்கும் பின்னால் கடைசியாக நிற்கிறவர். இந்த டாம் மூர் கதையில் மறுபடி வருவார், பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

வீரராக டன்ஜி சுமார்தான். வேகத்தில் உச்சத்தில் இல்லை, உடம்பும் பெரிதில்லை. ஆனால் 1978இல் அணியிலேயே அதிகமாக 6 இன்டர்செப்ஷன் எடுத்தார். எதிரணி குவார்ட்டர்பேக் அடுத்து எங்கே பார்ப்பார் என்று அந்த வேலையைத் தானே செய்த ஒருவருக்குத் தெரியாதா? 1979 ஜனவரியில் ஸ்டீலர்ஸ் டல்லாஸை 35-31 என்று வென்று சூப்பர் பவுல் கோப்பையை எடுத்தபோது அவரும் அணியில் இருந்தார். அதோடு சரி. அந்த ஆண்டே சான் பிரான்சிஸ்கோ 49ஏர்ஸுக்கு மாற்றப்பட்டார். 1980இல் நியூயார்க் ஜயன்ட்ஸ் சீசன் தொடங்கும் முன்பே அவரைக் கழற்றிவிட்டது. மொத்தம் மூன்று சீசன்.

இங்கே சக் நோலைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். நோலும் ஆடிவிட்டுப் பயிற்சிக்கு வந்தவர்தான். 1950களில் கிளீவ்லாந்து பிரவுன்ஸுக்கு ஆடினார், பிறகு ஸ்டீலர்ஸுக்கு நான்கு சூப்பர் பவுல் வாங்கிக் கொடுத்தார். ஃபுட்பால் உங்கள் வாழ்நாள் வேலை இல்லை, அது பின்னால் வரும், அதற்குத் தயாராகுங்கள் என்று வீரர்களிடம் திரும்பத் திரும்பச் சொல்வது அவர் வழக்கம். வீரவசனம் பேசி அணியை உசுப்பேற்றுவது அவருக்குப் பிடிக்காது. காலை எங்கே வைக்க வேண்டும், கையை எங்கே வைக்க வேண்டும் என்று வகுப்பெடுப்பார். டன்ஜி இந்த ஆளை அப்படியே உள்வாங்கிக்கொண்டார். மினசோட்டாவில் ஓராண்டு உதவிப் பயிற்சியாளராக இருந்துவிட்டு 1981இல் நோலிடமே வேலைக்குச் சேர்ந்தார். அப்போது வயது 25. அணியிலிருந்த சில வீரர்கள் அவரைவிட மூத்தவர்கள், கூட ஆடியவர்கள். 1984இல், 28 வயதில், தடுப்பாட்டம் முழுவதற்கும் பொறுப்பான கோஆர்டினேட்டர் ஆனார். அன்று லீகில் அந்தப் பதவியில் இருந்த ஒரே கருப்பினப் பயிற்சியாளர் அவர்தான்.

28 வயதில் கோஆர்டினேட்டர் ஆன ஒருவர் 32, 33 வயதில் தலைமைப் பயிற்சியாளர் ஆகியிருக்க வேண்டும். டன்ஜிக்கு அதற்கு 40 வயதானது. இடைப்பட்ட 12 ஆண்டுகளில் நேர்காணலுக்குப் போனார், திரும்பி வந்தார். 1988 சீசன் மோசமாக முடிந்ததும் ஸ்டீலர்ஸ் பதவியைக் குறைக்கப் பார்த்தது. அதை ஏற்காமல் விலகினார். மூன்றாண்டு கான்சஸ் சிட்டியில் மார்ட்டி ஷாட்டன்ஹைமரிடம், பிறகு நான்காண்டு மினசோட்டா வைக்கிங்ஸில் டென்னிஸ் கிரீனிடம். அந்தக் காலகட்டத்தின் நிலவரம் இப்படி: 1920களில் ஃபிரிட்ஸ் பொல்லார்ட் பயிற்சியளித்ததற்குப் பிறகு, 1989இல் ஆர்ட் ஷெல் ரெய்டர்ஸ் அணிக்கு வரும்வரை லீகில் ஒரு கருப்பினத் தலைமைப் பயிற்சியாளர்கூடக் கிடையாது. ஷெல்லுக்குப் பின் கிரீன், அவருக்குப் பின் ரே ரோட்ஸ். 1996இல் தாம்பா பே பக்கனியர்ஸ் அழைத்தபோது டன்ஜி நான்காவது ஆள்.

அந்த வேலையும் வேறு பலர் விரும்பாத வேலைதான். 1976இல் பிறந்த பக்கனியர்ஸ் தன் முதல் 26 ஆட்டத்தையும் தோற்ற அணி. டன்ஜி வந்தபோது தொடர்ந்து 13 சீசன் வெற்றியைவிடத் தோல்வியே அதிகம். 1995இல் அதை வாங்கியிருந்தது கிளேசர் குடும்பம். மான்செஸ்டர் யுனைடெட் ரசிகர்களுக்கு இந்தப் பெயரைக் கேட்டாலே ரத்தம் கொதிக்கும், அதே குடும்பம்தான்.

டன்ஜி அங்கே கொண்டுபோன ஆட்டமுறைக்குப் பின்னாளில் ‘தாம்பா 2’ என்று பெயர் விழுந்தது. அதைக் கண்டுபிடித்தவர் என்று டன்ஜியைப் புகழும்போதெல்லாம் அவர் மறுத்துவிடுவார். 1970களில் பட் கார்சன் ஸ்டீலர்ஸுக்கு வகுத்த ஆட்டம்தான் இது, தான் ஆடியபோது கையில் கொடுத்த புத்தகத்தில் இருந்ததுதான் என்பார். அதன் அடிப்படை எளிது. களத்தின் பின்பகுதியை இரண்டு சேஃப்டிகள் ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக்கொள்வார்கள். அப்படிப் பிரித்தால் இருவருக்கும் நடுவே ஓர் ஓட்டை விழும், நல்ல குவார்ட்டர்பேக் அங்கேதான் எறிவார். ஆகவே முன்வரிசைக்குப் பின்னால் நடுவில் நிற்கும் லைன்பேக்கர், பந்தெறியப் போகிறார்கள் என்று தெரிந்த நொடியே திரும்பிப் பின்னோக்கி ஓடி அந்த ஓட்டையை அடைக்க வேண்டும். ஸ்டீலர்ஸில் அதைச் செய்தவர் ஜாக் லாம்பர்ட். மற்றவர்கள் ஆளுக்கொரு பகுதியைக் காவல் காப்பார்கள். முன்னால் இருக்கும் நான்கு பேர் மட்டும் எந்த உதவியும் இல்லாமல் குவார்ட்டர்பேக்கை விரட்ட வேண்டும்.

கிரிக்கெட்டில் பவுண்டரியை எல்லாம் அடைத்துவிட்டு ‘சிங்கிள் எடுத்துக்கோ’ என்று விட்டுக்கொடுக்கும் ஃபீல்டிங்தான் இது. நான்கு யார்டு, ஐந்து யார்டு என்று எதிரணி எடுத்துக்கொண்டே வரலாம். ஆனால் புள்ளி எடுக்க வேண்டுமானால் 10, 12 முறை தவறில்லாமல் ஆட வேண்டும். எங்கேயாவது ஒரு தவறு செய்வார்கள், அப்போது பாய்ந்துவிடலாம். இதற்கு ரகசியத் திட்டம் எதுவும் தேவையில்லை. எதிரணிக்கும் என்ன வரப்போகிறது என்று தெரியும். தேவைப்படுவது இரண்டு: வேகமான ஆட்கள், ஒவ்வொரு முறையும் தன் இடத்தை விட்டு நகராத ஒழுங்கு. டெரிக் புரூக்ஸ், வாரன் சாப், ஜான் லின்ச் ஏற்கெனவே அணியில் இருந்தார்கள். மூவரும் பின்னாளில் ஹால் ஆஃப் ஃபேமுக்குப் போனார்கள்.

முதல் சீசனில் முதல் ஐந்து ஆட்டமும் தோல்வி. ஒன்பது ஆட்டம் முடிந்தபோது ஒரே ஒரு வெற்றி. வேறொரு பயிற்சியாளராக இருந்தால் திட்டத்தை மாற்றியிருப்பார், ஆளை மாற்றியிருப்பார், குறைந்தபட்சம் நாற்காலியையாவது தூக்கி எறிந்திருப்பார். டன்ஜி குரலைக்கூட உயர்த்தவில்லை. அதே வகுப்பு, அதே பயிற்சி. கடைசி ஏழு ஆட்டத்தில் ஐந்தை வென்றார்கள். அடுத்த ஆண்டு 10 வெற்றி, 6 தோல்வி, 1982க்குப் பிறகு முதல்முறையாக பிளேஆஃப், அதாவது வழக்கமான சீசனுக்குப் பின் நடக்கும் நாக்அவுட் சுற்று.

இந்தப் பிடிவாதத்துக்கு விலையும் இருந்தது. தடுப்பாட்டம் உச்சத்தில் இருந்தபோது தாக்குதல் தூங்கிக்கொண்டிருந்தது. தாம்பாவில் அவருடைய கடைசி மூன்று பிளேஆஃப் ஆட்டங்களைப் பாருங்கள். செயின்ட் லூயிஸ் ராம்ஸிடம் 11-6. பிலடெல்பியாவிடம் 21-3. மறுபடி பிலடெல்பியாவிடம் 31-9. மூன்றிலும் சேர்த்து ஒரு டச்டவுன், அதாவது பந்தை எதிரணியின் எல்லைக்கோட்டுக்குள் கொண்டுசேர்ப்பது, கிடையாது. எளிமையாக ஆடு, தவறு செய்யாதே, எதிரி தவறு செய்யும்வரை காத்திரு என்ற கொள்கை தடுப்பாட்டத்துக்குப் பொருந்தியது. தாக்குதலுக்கும் அதையே வைத்தது அவர் தவறு என்றுதான் நான் நினைக்கிறேன். 2002 ஜனவரியில் அவரை நீக்கினார்கள். அவருக்குப் பதிலாக ஜான் குருடனை ரெய்டர்ஸிடமிருந்து பெற கிளேசர்கள் கொடுத்த விலை நான்கு டிராஃப்ட் தேர்வுகளும் 80 லட்சம் டாலரும். அடுத்த ஆண்டே தாம்பா சூப்பர் பவுலை வென்றது. அந்த இறுதி ஆட்டத்தில் ஐந்து இன்டர்செப்ஷன், அதில் மூன்று நேரடியாக டச்டவுன். டன்ஜி கட்டிய தடுப்பாட்டம்தான் அது, கோப்பையைத் தூக்கியபோது அவர் அங்கே இல்லை.

அவர் நீக்கப்பட்டதற்கு இன்னொரு விளைவும் உண்டு. அதே குளிர்காலத்தில் வைக்கிங்ஸ் அணி டென்னிஸ் கிரீனையும் அனுப்பிவிட்டது. நல்ல வெற்றிக் கணக்கு வைத்திருந்த இரண்டு கருப்பினப் பயிற்சியாளர்கள் ஒரே நேரத்தில் வெளியே. வழக்கறிஞர்கள் ஜானி காக்ரனும் சைரஸ் மேரியும் 2002இல் ஓர் அறிக்கை வெளியிட்டார்கள்: கருப்பினப் பயிற்சியாளர்கள் சராசரியாக அதிக வெற்றி பெறுகிறார்கள், ஆனால் கடைசியில் அமர்த்தப்பட்டு முதலில் நீக்கப்படுகிறார்கள். வழக்குப் போடுவோம் என்ற மிரட்டலும் கூடவே வந்தது. தலைமைப் பயிற்சியாளர் பதவி காலியானால் சிறுபான்மையினர் ஒருவரையாவது நேர்காணல் செய்ய வேண்டும் என்ற விதி 2003இல் நடைமுறைக்கு வந்தது. அதற்கான குழுவுக்குத் தலைமை வகித்தவர் டான் ரூனி என்பதால் ரூனி விதி என்று பெயர். ரூனி யார்? டன்ஜியை வீரராகவும் பயிற்சியாளராகவும் முதலில் வேலைக்கு எடுத்த ஸ்டீலர்ஸ் அணியின் உரிமையாளர்.

தாம்பாவை விட்ட டன்ஜியை இண்டியானாபொலிஸ் கோல்ட்ஸ் உடனே எடுத்துக்கொண்டது. அங்கே நிலைமை தலைகீழ். பெய்டன் மேனிங் என்ற அபாரமான குவார்ட்டர்பேக், எவ்வளவு புள்ளி எடுத்தாலும் அதைக் கோட்டைவிடும் தடுப்பாட்டம். தாக்குதல் கோஆர்டினேட்டர் யார் என்றால் அதே டாம் மூர், 25 ஆண்டுக்கு முன் டன்ஜிக்குப் பந்தெறியப் பயிற்சியளித்தவர். தாம்பாவில் செய்த தவறை டன்ஜி இங்கே செய்யவில்லை. தாக்குதலை மூரிடமும் மேனிங்கிடமும் விட்டுவிட்டு ஒதுங்கிக்கொண்டார்.

2003 அக்டோபர் 6 ஆட்டத்தைச் சொல்லாமல் விட மனமில்லை. டன்ஜியின் 48வது பிறந்தநாள். தாம்பா அரங்கிலேயே, நடப்புச் சாம்பியனான தன் பழைய அணிக்கு எதிராக. ஆட்டம் முடிய சுமார் நான்கு நிமிடம் இருக்கும்போது கோல்ட்ஸ் 35-14 என்று பின்தங்கியிருந்தது. கூடுதல் நேரத்தில் 38-35 என்று ஜெயித்தது. அந்த நான்கு நிமிடமும் டன்ஜியின் முகத்தில் பெரிய மாற்றம் எதுவும் தெரியாது.

அந்த அமைதிக்கு அவர் சொல்லும் காரணம் அவருடைய அப்பா. குறை சொல்வதில் பயனில்லை, நிலைமையைச் சரிசெய்ய என்ன செய்யப்போகிறாய் என்றுதான் அவர் மகனிடம் கேட்பாராம். அந்த அப்பா இரண்டாம் உலகப் போரில் டஸ்கீகி விமானப் படைப்பிரிவில், அதாவது நிறப்பாகுபாட்டால் தனியாகப் பிரித்து வைக்கப்பட்ட கருப்பின வீரர்களின் பிரிவில் இருந்தார் என்பதே 2004இல் அவருடைய இறுதிச் சடங்கில்தான் மகனுக்குத் தெரிந்தது. அடுத்த ஆண்டு டிசம்பரில் இன்னும் பெரிய அடி. 18 வயது மூத்த மகனை இழந்தார். முதல் 13 ஆட்டத்தையும் அணி வென்று தொடங்கிய சீசன் அது. ஒரு வாரம் விலகியிருந்துவிட்டு வேலைக்குத் திரும்பினார். பிளேஆஃபில் பிட்ஸ்பர்க்கிடம் 21-18 என்று தோற்றார்கள்.

2006 சீசன்தான் அவருடைய பிடிவாதத்துக்கான பரீட்சை. எதிரணி பந்தோடு ஓடுவதைத் தடுப்பதில் கோல்ட்ஸ் லீகிலேயே கடைசி. டிசம்பரில் ஜாக்சன்வில் அணி அவர்களுக்கு எதிராக ஓடியே 375 யார்டு எடுத்தது. இது ஒரே ஆட்டத்தில். பத்திரிகைகள், ரசிகர்கள், எல்லோரும் முறையை மாற்றச் சொன்னார்கள். மாற்றவில்லை. ஒவ்வொருவரும் தன் இடத்தில் நின்றால் போதும், அடுத்தவன் வேலையைச் செய்யப் போவதால்தான் ஓட்டை விழுகிறது என்பது அவர் வாதம். காயத்தால் அந்த சீசனில் நான்கே ஆட்டம் ஆடியிருந்த சேஃப்டி பாப் சாண்டர்ஸ் பிளேஆஃபுக்குத் திரும்பினார். முதல் ஆட்டத்தில் கான்சஸ் சிட்டி ஓடி எடுத்தது வெறும் 44 யார்டு. பால்டிமோரை ஒரு டச்டவுன்கூட எடுக்காமல், பந்தை உதைத்து எடுக்கும் ஐந்து ஃபீல்டு கோல்களால் 15-6 என்று வென்றார்கள். நியூ இங்கிலாந்துக்கு எதிராக 21-3 என்று பின்தங்கி, 38-34 என்று எழுந்தார்கள். சாண்டர்ஸ் வந்ததால் ஜெயித்தார்களா, டன்ஜி மாறாமல் இருந்ததால் ஜெயித்தார்களா என்று இன்றும் வாதிடலாம். முந்தையதற்குத்தான் என் ஓட்டு அதிகம், ஆனால் முறையை மாற்றியிருந்தால் சாண்டர்ஸ் திரும்பி வந்து நிற்க ஓர் இடமே இருந்திருக்காது.

2007 பிப்ரவரி 4, மயாமி, கொட்டும் மழை. எதிரே சிகாகோ பேர்ஸ். அதன் பயிற்சியாளர் லவ்வி ஸ்மித், தாம்பாவில் டன்ஜியின் உதவியாளராக இருந்தவர். சூப்பர் பவுலுக்கு வந்த முதல் கருப்பினத் தலைமைப் பயிற்சியாளர்கள் இவர்கள்தான், இருவரும் ஒரே ஆண்டில். முதல் உதையிலேயே டெவின் ஹெஸ்டர் பந்தைப் பிடித்து ஓடி சிகாகோவுக்கு டச்டவுன் எடுத்துவிட்டார். அதன் பிறகு நடந்தது எனக்கு அந்த ஆட்டத்தின் மிகச் சுவையான பகுதி. இரண்டு அணியும் ஆடியது அதே தாம்பா 2. மேனிங் ஐந்தாண்டாகப் பயிற்சியில் தினமும் பார்த்துப் பழகிய தடுப்பு. அதன் பலவீனம் அவருக்கு அத்துப்படி: அவசரப்படாதே, கிடைக்கும் சிறிய யார்டுகளை எடுத்துக்கொண்டே இரு. 60 நிமிட ஆட்டத்தில் 38 நிமிடம் பந்து கோல்ட்ஸ் கையில் இருந்தது. எறிந்து தவறு செய்தது சிகாகோ. 29-17. வீரராகவும் தலைமைப் பயிற்சியாளராகவும் சூப்பர் பவுல் வென்றவர்களில் டாம் ஃப்ளோரஸ், மைக் டிட்காவுக்கு அடுத்து டன்ஜி மூன்றாமவர்.

2009 ஜனவரியில் 53 வயதில் ஓய்வு பெற்றார். வழக்கமான சீசன் கணக்கு 139 வெற்றி, 69 தோல்வி. 1999 முதல் தொடர்ந்து பத்தாண்டு பிளேஆஃப். அவர் போன சில வாரங்களில் மைக் டாம்லின் 36 வயதில் ஸ்டீலர்ஸுக்கு சூப்பர் பவுல் வாங்கிக் கொடுத்தார். 2001இல் தாம்பாவில் டாம்லினை வேலைக்கு எடுத்தது டன்ஜி. அவரிடமிருந்து வந்த ஹெர்ம் எட்வர்ட்ஸ், ஜிம் கால்ட்வெல், லெஸ்லி ஃப்ரேசியர் எல்லோரும் தலைமைப் பயிற்சியாளர் ஆனார்கள். பாதி ராத்திரி வரை அலுவலகத்தில் கிடப்பதைப் பெருமையாகப் பேசும் தொழிலில், உதவியாளர்களை வீட்டுக்குப் போகச் சொல்லும் முதலாளியாக அவர் இருந்ததும் இந்தப் பயிற்சியாளர் மரத்துக்கு உரம் போட்டிருக்கும்.

ஓய்வுக்குப் பின் தொலைக்காட்சி விமர்சகர். நாய்ச் சண்டை வழக்கில் சிறையிலிருந்த மைக்கேல் விக்கைப் போய்ப் பார்த்து, அவர் மறுபடி ஆட வழி செய்தார். ஆனால் 2014இல், தான் ஓரினச்சேர்க்கையாளர் என்று வெளிப்படையாக அறிவித்து டிராஃப்டுக்கு வந்த மைக்கேல் சாமைப் பற்றிக் கேட்டபோது, தான் அவரை எடுத்திருக்க மாட்டேன், கூடவே வரும் தலைவலிகளைச் சமாளிக்க விருப்பமில்லை என்று சொன்னார். திறமைக்குச் சம்பந்தமில்லாத காரணத்தால் 1977இல் ஒதுக்கப்பட்டவர் இப்படிப் பேசினார் என்பதைப் பலர் சுட்டிக்காட்டினார்கள். நியாயமான விமர்சனம்தான். தன் கிறிஸ்தவ நம்பிக்கையை முன்வைத்து அவர் தந்த விளக்கங்கள் என்னை ஏற்கவைக்கவில்லை.

2016இல் ஹால் ஆஃப் ஃபேம். ரூனி விதி மட்டும் இன்னும் சர்ச்சையில் இருக்கிறது. பேருக்கு ஒரு நேர்காணல் வைத்துவிட்டு ஏற்கெனவே முடிவு செய்த ஆளை எடுக்கிறார்கள் என்ற புகார் பழையது. 2022இல் பிரையன் ஃப்ளோரஸ் லீகின் மீதே வழக்குத் தொடுத்தார். விதி ஏன் பெரிதாகப் பலிக்கவில்லை என்பதற்கு ஒரு காரணம் டன்ஜியின் கதையிலேயே இருக்கிறது. இன்றைக்கு அணிகள் தேடுவது தாக்குதல் வகுப்பவரை, அதிலும் குவார்ட்டர்பேக்கை வளர்த்தெடுத்த பயிற்சியாளரை. அந்த வேலைக்கு வருகிறவர்களில் கணிசமானோர் ஒரு காலத்தில் குவார்ட்டர்பேக்காக ஆடியவர்கள். பல தலைமுறைக் கருப்பின குவார்ட்டர்பேக்குகளை லீக் சேஃப்டியாகவும், எறியும் பந்தைப் பிடிக்கும் ரிசீவராகவும் மாற்றி அனுப்பிவிட்டது. பயிற்சிக்கு வந்தபோது அவர்களில் பலர் தாங்கள் ஆடிய இடத்துக்கே பயிற்சியாளர் ஆனார்கள், பதவி உயர்வுக்கான வரிசையோ வேறு பக்கத்தில் நின்றது.